பச்சிளம் குழந்தை உள்ள வீட்டில் ஆவணப்படம் எடுக்க

அனுமதியைப் பிரசவத்துக்கு முன்பே, பெற்றோர் இருவரிடமும் எழுத்தில் வாங்குங்கள். குழந்தை பிறந்த பிறகு மறுபடி கேட்க வேண்டும். தூக்கம் கெட்ட உடம்போடு தலையாட்டுவதைச் சம்மதமாகக் கொள்ளக் கூடாது. இறுதிப் பிரதி தயாராகும்வரை எந்தக் காட்சியையும் நீக்கச் சொல்லலாம் என்று அதிலேயே எழுதிக் கொடுங்கள்.

கேமராவுக்கு ஒருவர், ஒலிக்கு ஒருவர் போதும். சளி, இருமல், உதட்டில் கொப்புளம் இருந்தால் அன்று போகவே கூடாது. அந்தக் கொப்புளத்தை உண்டாக்கும் ஹெர்பீஸ் கிருமி பச்சிளம் குழந்தையின் உயிரையே பறிக்கக்கூடும். உள்ளே நுழைந்ததும் சோப்புப் போட்டு 20 விநாடி கை கழுவுங்கள்.

ஜன்னல் வெளிச்சமே போதும். எஃப் 1.8 வரை அகலத் திறந்து மங்கிய வெளிச்சத்தையும் வாங்கும் 35 மி.மீ. லென்ஸ் போதும், ஐ.எஸ்.ஓ.வை (கேமராவின் ஒளியுணர்திறனை) 3200 வரை ஏற்றலாம். படத்தில் புள்ளி தட்டினால் தட்டட்டும், குழந்தையின் முகத்தில் விளக்கடிக்க வேண்டாம். தொட்டிலுக்கு மேலே கேமராவை நீட்டுவது, பக்கத்தில் ஸ்டாண்ட் நிறுத்துவது இரண்டும் ஆபத்து. கேமராவின் 'பீப்' ஒலியையும் அணைத்துவிடுங்கள். திடீர்ச் சத்தத்துக்குக் குழந்தை கைகால் உதறி விழித்துக்கொள்ளும்.

பலர் கோட்டை விடுவது ஒலியில்தான். தாலாட்டின் முணுமுணுப்புக்கு ஏற்றபடி ஒலிப்பதிவின் அளவை வைத்திருப்போம். அடுத்த நொடி வீறிட்ட அழுகை வந்து பதிவு உடைந்துவிடும். பிறகு சரிசெய்ய முடியாது. அதே ஒலியை இன்னொரு டிராக்கில் 15 டெசிபல் குறைத்துப் பதிவுசெய்யுங்கள், அல்லது மெல்லிய ஒலியையும் பெருஞ்சத்தத்தையும் ஒருசேரத் தாங்கும் 32 பிட் ஃப்ளோட் ரெக்கார்டர் வையுங்கள். அம்மாவின் மார்பில் காலர் மைக் மாட்டக் கூடாது. குழந்தை அங்கேதான் கிடக்கும். துணி உரசும், மைக்கின் பஞ்சு உறை கழன்று அதன் வாய்க்குப் போகலாம். நீள மைக்கைக் கோலில் கட்டி எட்ட நின்று பிடியுங்கள்.

பச்சிளம் குழந்தை நாளைக்கு 8 முதல் 12 தடவை பால் குடிக்கும். ஆகவே, ஒரு சுற்று முழுக்க, பால், ஏப்பம், துணி மாற்றல், தூக்கம் என்று மூன்று மணி நேரமாவது இருங்கள். எதையும் திரும்பச் செய்யச் சொல்லாதீர்கள். தூக்கத்தில் குழந்தை முகம் சுளிக்கும், முனகும். விழித்துவிட்டதாக நினைத்து கேமராவை அங்கே திருப்பத் தோன்றும். வேண்டாம். தூக்குவதா விடுவதா என்று தயங்கி நிற்கும் அப்பாவின் கைகளைப் படம்பிடியுங்கள், ஷாட்டை மூன்று நிமிடமாவது வெட்டாமல் ஓடவிடுங்கள். படம் அந்தத் தயக்கத்தில்தான் இருக்கிறது.

குழந்தைக்கு மூச்சுத் திணறினால், நிறம் மாறினால், கேமராவைக் கீழே வைத்துவிட்டு உதவிக்குப் போங்கள்.

கிளம்பும் முன், எல்லாரும் பேசாமல் இருக்கும்போது, அறையின் வெறும் ஒலியை 60 விநாடி பதிவுசெய்யுங்கள். எடிட்டிங்கில் இரண்டு துண்டுகளை ஒட்ட அதுதான் கைகொடுக்கும்.