மோசடி வழக்கில் நன்னடத்தைச் சாட்சியத்தைப் பயன்படுத்துவது எப்படி

மன்னார்குடிப் பக்கத்தில் ஒரு தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தின் செயலாளர் மீது, நகைக்கடனில் கையாடல் செய்ததாக வழக்குப் பதிவாகியிருப்பதாக வைத்துக்கொள்வோம். முப்பது ஆண்டுகளாக அவரிடம் சம்பாவுக்கும் குறுவைக்கும் கடன் வாங்கிய விவசாயிகள், அவர் அப்படிப்பட்டவர் அல்லர் என்று நீதிமன்றத்தில் சொல்ல முன்வருவார்கள். அதைச் சட்டம் அனுமதிக்கிறது. குற்ற வழக்கில் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், நன்னடத்தை உடையவர் என்பது தொடர்புடைய சங்கதியே என்று புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதிநியத்தின் 47ஆம் பிரிவு கூறுகிறது. 2024 ஜூலை 1க்கு முன்பே நிலுவையில் இருந்த வழக்குகளுக்கு, 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 53ஆம் பிரிவு பொருந்தும்.

நீங்கள் எதிரிக்காக வாதாடும் வழக்கறிஞர் என்றால், வழக்கில் எது தகராறு என்பதை முதலில் பாருங்கள். போலி நகையை அடகு பிடித்ததும், பணம் தம் கணக்குக்கே வந்ததும் ஆவணங்களால் ஐயமின்றி மெய்ப்பிக்கப்பட்டிருந்தால், ஊரார் சொல்லும் நல்ல பெயர் அவரைக் காக்காது. நன்னடத்தைச் சாட்சியம் மிக வலுவற்றது, நேரடிச் சாட்சியத்தை அது விஞ்சாது என்று பகவான் ஸ்வரூப் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. அதுவும் ஒரு காப்பீட்டு நிறுவனத்தின் நிதியைக் கையாடிய சதி வழக்குதான். மாறாக, பதிவேட்டில் தவறு நேர்ந்ததை அவரும் மறுக்காமல், அது கவனக்குறைவா, ஏமாற்றும் எண்ணமா என்பது மட்டுமே கேள்வியாக நிற்கும்போது இந்தச் சாட்சியத்துக்கு உண்மையான எடை உண்டு. ஒருவரின் நடத்தையைத் தெரிந்துகொண்டால் அவர் செயலின் மீது விழும் சந்தேகம் விலகக்கூடும் என்பதை ஹபீப் முகமது வழக்கில் அதே நீதிமன்றம் ஏற்றிருக்கிறது.

சாட்சியைத் தேர்ந்தெடுப்பதில்தான் பலர் தவறுகிறார்கள். கோயில் கும்பாபிஷேகத்துக்கு அவர் நன்கொடை கொடுத்தார், வெள்ளக் காலத்தில் சோறு போட்டார் என்பவை தனிப்பட்ட செயல்கள். பாரதிய சாக்ஷ்ய அதிநியத்தின் 50ஆம் பிரிவின் விளக்கப்படி பொதுவான நற்பெயரையும் பொதுவான இயல்பையும் பற்றி மட்டுமே சாட்சியம் சொல்ல முடியும். பண விவகாரத்தில் அவர் நாணயமானவர் என்று, பழகிய அனுபவத்தோடு சொல்லக்கூடியவரையே அழையுங்கள். உறவினரை விட, அவரிடம் கணக்கு வழக்கு வைத்திருந்த நெல் வியாபாரியோ ஓய்வு பெற்ற தலைமையாசிரியரோ மேல். அவர்கள் எழுதித் தரும் நற்சான்றிதழை மட்டும் தாக்கல் செய்தால் போதாது. எழுதியவரே கூண்டேறி, குறுக்கு விசாரணைக்கும் உட்பட வேண்டும்.

அழைப்பதற்கு முன் எதிரியிடம் தனியாக, ஒளிவுமறைவின்றிப் பேசுங்கள். வேறெந்த ஊரிலாவது அவருக்கு முந்தைய தண்டனை உண்டா என்று கேளுங்கள். எதிரியின் தீய நடத்தையை அரசுத் தரப்பு தானாகக் கொண்டுவர 49ஆம் பிரிவு பொதுவாக இடம் தருவதில்லை. ஆனால் நீங்கள் நன்னடத்தையைப் பேசிய மறுகணம் அந்தக் கதவு திறந்துவிடும். பழைய தண்டனையும் உள்ளே வரும். அத்தகைய கறை இருந்தால் இந்தச் சாட்சியத்தையே கைவிடுவது நல்லது என்பது என் உறுதியான கருத்து.

கறை இல்லையெனில், குற்றவியல் நடுவர் முன் நடக்கும் வழக்கில் அரசுத் தரப்புச் சாட்சிகள் முடிந்து எதிரி தரப்புக்கு வாய்ப்பு வரும்போது, புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 266ஆம் பிரிவின்படி மனுச் செய்து அந்தச் சாட்சிகளுக்கு அழைப்பாணை பெறலாம். காலம் கடத்தும் நோக்கம் என்று தோன்றினால் நடுவர் மறுத்துவிடுவார் என்பதால், இருவர் அல்லது மூவரோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.