சினிமாவுக்கு உடையமைக்க மலையிலிருந்து கிளம்புகிறவர்களுக்கு

கோத்தகிரி, குன்னூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் என்னிடம் முதலில் கேட்பது, "அக்கா, எந்தக் காலேஜில் சேரணும்?" என்றுதான். சென்னை தரமணியில் நிஃப்ட் என்ற மத்திய அரசின் ஆடை வடிவமைப்புக் கல்லூரி இருக்கிறது, நுழைவுத்தேர்வு எழுதுங்கள். இடம் கிடைக்காவிட்டாலும் வழி அடைபடாது. துணி வெட்டவும் மிஷினில் தைக்கவும் மனதில் உள்ளதை வரைந்து காட்டவும் தெரிந்தே ஆக வேண்டும். 'காந்தி' (1982) படத்துக்காக இந்தியாவின் முதல் ஆஸ்கரை வாங்கிய பானு அதையா ஓவியம் படித்தவர்.

அதற்கும் முன்னால், உடுத்திப் பழகிய துணியைப் பார்க்கக் கற்றுக்கொள்ளுங்கள். கடையிலிருந்து வந்த சட்டையை அப்படியே மாட்டிவிட்டால் கேமரா காட்டிக்கொடுத்துவிடும். காலையில் தேயிலை பறிக்கப் போகும் ஒரு அம்மாவைக் கவனியுங்கள். சேலைக்கு மேல் வீட்டுக்காரரின் பழைய சட்டை, அதன்மேல் ஸ்வெட்டர், செடி கிழிக்காமல் இடுப்பில் சுற்றிக் கட்டும் தடித்த படங்கு, தலையில் துண்டு, காலில் கம்பூட்ஸ். செடி உரசும் உயரத்தில் படங்கு நைந்திருக்கும். சட்டைக்கை நுனியில் கறை ஏறியிருக்கும். இதெல்லாம் எங்கே, எதனால் வந்தது என்று நோட்டில் வரைந்து எழுதுங்கள். எனக்கு இந்தத் தொழிலைச் சொல்லித்தந்தது அந்த நோட்டுதான்.

பிறகு வீட்டிலேயே ஒரு புதுச் சட்டையைப் பழசாக்கிப் பாருங்கள். கஞ்சி போகும்வரை துவையுங்கள். காலர் மடிப்பிலும் கை நுனியிலும் உப்புத்தாளால் லேசாகத் தேயுங்கள். டஸ்ட் டீயைக் கொதிக்கவைத்து வடிகட்டி அதில் முக்கியெடுங்கள். பருத்தி நிறம் பிடிக்கும், பாலியஸ்டர் சரியாகப் பிடிக்காது. வெள்ளை வேட்டியைக்கூட இப்படி ஒரு முக்கு முக்குவோம், பளீர் வெள்ளை வெளிச்சத்தில் கூசும் என்பதால்.

கதையைப் படிக்கும்போது நாள் கணக்குப் போடுங்கள். 12ஆம் காட்சியும் 40ஆம் காட்சியும் கதையில் ஒரே நாள் என்றால் அதே சட்டை, அதே மடிப்பு. படமெடுப்பது வேறு வேறு மாதமாக இருக்கலாம். அதனால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் போட்டோ: எந்தப் பட்டன் திறந்திருந்தது, முந்தானை எந்தப் பக்கம். கன்டினியூட்டி தவறினால் கேள்வி உங்களிடம்தான் வரும். மழை, சண்டைக் காட்சி என்றால் ஒரே உடையில் பல ஜோடி தேவை, டூப் போடுகிறவருக்கும் சேர்த்து. ஊட்டியில் நனைந்த துணி மறுநாளும் காயாது, அதையும் கணக்கில் வைத்துக் கேளுங்கள்.

மூடுபனியில் சாம்பலும் வெளிர்நீலமும் கரைந்துபோகும். அரக்கும் கடுகு மஞ்சளும் நிற்கும். நெருக்கமான மெல்லிய கோடு போட்ட சட்டை டிஜிட்டல் கேமராவில் நெளியும், தவிர்த்துவிடுங்கள். குளிரில் ஷிஃபான் சேலையோடு நிற்கிற பெண்ணுக்கு உள்ளே தெர்மல் போட இடம் வைத்துத் தையுங்கள். ஷாட் முடிந்ததும் போர்த்தச் சால்வையோடு நிற்பதும் உங்கள் வேலை.

இன்னொன்றை அழுத்திச் சொல்கிறேன். நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களின் பூத்துக்குளி என்ற போர்வையை நடனக் கூட்டத்துக்கு அலங்காரமாகப் போர்த்தாதீர்கள். வெள்ளைப் பருத்தியில் சிவப்பும் கறுப்புமாக அவர்கள் போடும் தையலுக்கு 2013இல் புவிசார் குறியீடு கிடைத்தது. கதைக்குத் தேவையென்றால் மந்து என்கிற அவர்கள் குடியிருப்புக்குப் போய்க் கேட்டு, விலை கொடுத்து வாங்கி, எப்படிப் போர்த்துவது என்று அவர்களையே காட்டச் சொல்லுங்கள்.

முதல் வேலைக்குச் சென்னை போக வேண்டியதில்லை. ஊட்டிக்கு வரும் படக்குழுக்களுக்கு உள்ளூர் ஆள் தேவைப்படும். லோக்கல் மேனேஜரிடம் சொல்லிவையுங்கள். காஸ்ட்யூமர் வேறு, டிசைனர் வேறு. அயர்ன், கணக்கு, நடிகருக்கு உடுத்திவிடுவது எல்லாம் காஸ்ட்யூமர் பொறுப்பு. அவரோடு கொஞ்சகாலம் நின்றவர்களே பிறகு நல்ல டிசைனர் ஆகிறார்கள் என்பது என் எண்ணம். சம்பளத்தில் பேட்டா சேர்த்தியா, தனியா என்பதை முதலிலேயே எழுதி வாங்குங்கள்.

டிசைனரைப் பார்க்கப் போகும்போது கல்யாண லெஹங்கா படங்கள் வேண்டாம். பிடித்த சிறுகதையிலிருந்து ஒரே ஒரு பாத்திரத்தை எடுத்து, நான்கு கட்டங்களில் அவர் என்ன உடுத்துவார் என்று வரைந்து, பக்கத்தில் துணித் துண்டு ஒட்டி, நீங்கள் பழசாக்கிய அந்தச் சட்டையையும் கையோடு கொண்டுபோங்கள்.