அரசு வேலைத் தேர்வில் அநீதியா? வழக்குத் தொடுக்கும் முன் செய்ய வேண்டியவை

ஆண்டுக்கணக்கில் படித்துத் தேர்வெழுதியவருக்கு ‘நிராகரிக்கப்பட்டது’ என்று ஒற்றை வரியில் பதில் வந்தால் கோபம் வரத்தான் செய்யும். அது நியாயமான கோபம். ஆனால் உங்களுக்கு அந்த வேலை கிடைத்திருக்க வேண்டுமா என்று உயர் நீதிமன்றம் ஆராயாது. தேர்வு நடந்த முறை சட்டப்படி இருந்ததா என்று மட்டுமே பார்க்கும். எனவே எந்த விதி மீறப்பட்டது என்பதைக் கண்டுபிடிப்பதுதான் உங்கள் முதல் வேலை.

படி 1: விதியைத் தேடுங்கள்

அறிவிக்கையை மட்டும் படித்தால் போதாது. அந்தப் பதவிக்கான பணி விதிகளையும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலும் அவை அரசியலமைப்பின் 309-ஆவது பிரிவின் கீழ் வந்தவை. தமிழக அரசுப் பணி என்றால் 2016-ஆம் ஆண்டின் அரசுப் பணியாளர்கள் பணி நிபந்தனைகள் சட்டமும் தேவை. அறிவிக்கை ஒன்று சொல்லி, விதி வேறொன்று சொன்னால், விதியே நிற்கும்.

படி 2: உங்கள் குறை எந்த வகை?

வழக்கின் பலம் இங்கேதான் முடிவாகிறது.

விண்ணப்பம் வாங்கிய பிறகு தகுதி நிபந்தனையை மாற்றினார்களா? உங்கள் கை ஓங்கியிருக்கிறது. விதியோ அறிவிக்கையோ இடம் தராதபோது நடுவழியில் அப்படி மாற்றக்கூடாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2024 நவம்பரில் உறுதிசெய்தது.

விடைக்குறிப்பு தவறு என்பது கடினமான வழக்கு. ஐயம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்திய அமைப்புக்கே என்கிறது உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று. நீண்ட வாதம் இல்லாமலே தவறு கண்ணில் பட வேண்டும். உத்தேச விடைக்குறிப்பு வந்தபோதே பாடநூல் ஆதாரத்தோடு ஆட்சேபணை தெரிவித்திருந்தால் அதன் நகலை இணையுங்கள்.

‘என் பட்டமும் அதற்கு இணையானதுதான்’ என்ற வாதம் பெரும்பாலும் எடுபடுவதில்லை. எந்தப் படிப்பு வேண்டும் என்று முடிவு செய்வது வேலை தருபவரின் உரிமை என்றே நீதிமன்றங்கள் சொல்லி வருகின்றன. தெரிவுப் பட்டியலில் பெயர் இருப்பதும் நியமன உரிமை ஆகாது (1991, உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு). ஆனாலும் காரணமின்றி மனம்போன போக்கில் பணியிடத்தைக் காலியாக விட அரசுக்கு உரிமை இல்லை என்று அதே தீர்ப்பு சொல்கிறது. பலரும் இதைக் கவனிப்பதில்லை.

படி 3: ஆவணங்கள்

நிராகரிப்பு உத்தரவைச் சொல்லுக்குச் சொல் படியுங்கள். ‘தமிழ்வழிச் சான்றிதழ் உரிய படிவத்தில் இல்லை’ என்று எழுதிவிட்டு, வழக்கு வந்த பின் ‘வயது வரம்பும் கடந்துவிட்டது’ என்று பதில் மனுவில் புதுக் காரணம் சேர்க்க முடியாது. உத்தரவு அதில் எழுதிய காரணத்தாலேயே நிற்க வேண்டும் என்பது நீண்டகாலமாக நிலைத்த சட்டம். இணையதளத்தில் மட்டும் வந்த முடிவென்றால் அன்றே பதிவிறக்கி வையுங்கள், பக்கங்கள் மாறிவிடும். விடுபட்டதைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு. அதற்காக வழக்கைத் தள்ளிப்போடாதீர்கள்.

படி 4: காலம்

அறிவிக்கையிலேயே குறை தெரிந்தால் தேர்வுக்கு முன்பே வழக்குத் தொடுங்கள். எழுதித் தோற்றபின் விதியைக் குறை சொல்பவரை நீதிமன்றம் பொதுவாக ஏற்பதில்லை. நடைமுறையே சட்டவிரோதம் என்றால் மட்டும் விலக்கு கிடைக்கக்கூடும்.

படி 5: எங்கே, யார்மீது?

மாநிலப் பணிக்கு அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு (அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகத் தொடுக்கும் மனு), சென்னையிலோ மதுரைக் கிளையிலோ. மத்திய அரசுப் பணி என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அங்கே ஓராண்டு கெடு.

உங்கள் வெற்றியால் வேலை இழக்கக்கூடியவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர்களைக் கேட்காமல் அவர்கள் நியமனத்தை ரத்து செய்ய முடியாது. இதை விட்டதாலேயே நல்ல வழக்குகளும் தோற்கின்றன. ஒரு பணியிடத்தை நிரப்பாமல் வைக்குமாறு இடைக்கால உத்தரவும் கேளுங்கள்.

வழக்கறிஞர் கட்டணம் தடையென்றால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவச உதவி உண்டு.