பொருந்தத் தாமதமாகும் கால் முறிவு: மீள்வருகைக்குக் கோட் போடுவது எப்படி?

மட்டக்களப்பு, கல்முனைப் பக்கம் உயர்தரம் முடித்துவிட்டு, அமெரிக்கக் கிளினிக்குகளுக்கு வீட்டிலிருந்தே மெடிக்கல் கோடிங் (டொக்டரின் குறிப்பிலுள்ள நோயையும் சிகிச்சையையும் கோட்களாக மாற்றுவது) செய்யப் பழகுகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். முறிவு நடந்த அன்றைக்குக் கோட் போடுவது ஓரளவு சுலபம். நாலு மாதம் கழித்து அதே ஆள் "இன்னும் பொருந்தவில்லை" என்று திரும்பி வரும்போதுதான் தடுமாற்றம் தொடங்குகிறது.

முதலில் எந்தப் புத்தகம் என்று பார்த்துக்கொள்ளுங்கள். நம்முடைய அரச வைத்தியசாலைகளில் வாட்டில் இருந்து போனவர்களின் பதிவுக்குப் பயன்படுவது உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க் கோட் பட்டியலான ஐசிடி-10. அதில் தாமதமாகப் பொருந்தும் முறிவுக்கென்றே எம்84.2 என்று தனிக் கோட் இருக்கிறது. அமெரிக்கா 2015 ஒக்டோபர் 1 முதல் பாவிப்பது ஐசிடி-10-சிஎம். அதில் இந்த எம்84.2 கிடையாது. தாமதத்தை முறிவுக் கோட்டின் கடைசி எழுத்தே சொல்லிவிடும். உங்கள் அக்காவோ அண்ணனோ வைத்தியசாலை ஆவணப் பிரிவில் வேலை செய்தால், அவர்கள் சொல்லித்தரும் கோட்டை அப்படியே இங்கே கொண்டுவர வேண்டாம்.

இனி ஒரு குறிப்பை எடுத்துக்கொள்வோம். பயிற்சிக்காக நான் எழுதியது. டொக்டர் எழுதினால் ஆங்கிலத்தில் இருக்கும்:

"வயது 52, ஆண். பனியில் வழுக்கி விழுந்ததில் இடது டிபியா (முழங்காலுக்குக் கீழுள்ள பெரிய எலும்பு) தண்டுப்பகுதியில் குறுக்கு முறிவு; மூடிய முறிவு (தோல் கிழியாதது), விலகியது. நாலு மாதத்துக்கு முன் இங்கேயே எலும்பை நேராக்கி பிளாஸ்டர் போடப்பட்டது. இன்றைய எக்ஸ்ரேயில் காலஸ் (முறிவைப் பொருத்த வளரும் புது எலும்பு) மிகக் குறைவு. டிலேய்ட் யூனியன் (பொருந்தத் தாமதமாவது). நாளுக்கு ஒரு பெட்டி சிகரெட் புகைப்பவர், நிறுத்தும்படி சொல்லப்பட்டது. ஆறு வாரத்தில் மீண்டும் எக்ஸ்ரே."

படி 1: முறிவை அடையாளம் காணுங்கள். முழங்காலுக்கும் கணுக்காலுக்கும் இடையிலுள்ள முறிவுகள் எஸ்82. டிபியாவின் தண்டு என்றால் எஸ்82.2. குறுக்கு முறிவு என்பதால் அடுத்த இலக்கம் 2. விலகிய முறிவு, இடது கால் என்பதால் ஆறாவது இடத்திலும் 2. ஆக எஸ்82.222 வரை வந்துவிட்டோம். வலது காலாக இருந்தால் 221. விலகியதா இல்லையா என்று குறிப்பில் இல்லாவிட்டால் விலகியது என்றும், திறந்ததா மூடியதா என்று இல்லாவிட்டால் மூடியது என்றும் எடுக்க வேண்டும். இது புத்தகத்தில் உள்ள விதி, நம் ஊகம் அல்ல.

படி 2: ஏழாவது இடம். முழுச் சிக்கலும் இங்கேதான். ஏ, பி, சி மூன்றும் முறிவுக்கு நேரடிச் சிகிச்சை நடக்கும் கட்டத்துக்கு. முதல் தடவை வந்தாரா, பத்தாவது தடவையா என்பது கேள்வியே இல்லை. புது டொக்டர் ஒபரேசன் செய்தாலும் ஏ தான். பிளாஸ்டர் மாற்றுவது, கழற்றுவது, பொருந்துகிறதா என்று எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பது போன்றவை குணமாகும் கட்டம். அப்போது இந்த வரிசைகளுக்கு வருகிறோம்:

டி, ஈ, எஃப்: ஒழுங்காகப் பொருந்துகிறது.
ஜி, எச், ஜே: தாமதமாகிறது.
கே, எம், என்: பொருந்தவே இல்லை, அதாவது நொன்யூனியன்.
பி, கியூ, ஆர்: கோணலாகப் பொருந்திவிட்டது, அதாவது மல்யூனியன். இந்த பி, ஓவுக்கு அடுத்து வருகிற பி.

ஒவ்வொரு வரிசையிலும் முதல் எழுத்து மூடிய முறிவுக்கு, இரண்டாவது கஸ்டிலோ (திறந்த முறிவின் கடுமையைப் பிரிக்கும் முறை) வகை 1 அல்லது 2 திறந்த முறிவுக்கு, மூன்றாவது வகை 3 திறந்த முறிவுக்கு. திறந்த முறிவு என்று மட்டும் எழுதி வகையைச் சொல்லாவிட்டால் இரண்டாவது எழுத்தை எடுங்கள். ஐ, எல், ஓ மூன்றும் பட்டியலில் இல்லை. எச்சுக்குப் பிறகு நேரே ஜே.

நம் குறிப்புக்கு மூடிய முறிவு, தாமதம்: ஜி. முழுக் கோட் எஸ்82.222ஜி.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். நாலு மாதம் ஆகிவிட்டது, காலஸும் குறைவு, ஆகவே ஜி என்று நீங்களாகத் தீர்மானிக்கக் கூடாது. "டிலேய்ட் யூனியன்" என்று டொக்டர் எழுதியிருப்பதால்தான் ஜி. டிபியாவின் கீழ்ப்பகுதிக்கு இரத்த ஓட்டம் குறைவு. அங்கே முறிந்தால் பொருந்த மாதக்கணக்கில் எடுக்கும். எது வழக்கம், எது தாமதம் என்பது அவர் பார்த்துச் சொல்ல வேண்டியது. "காலஸ் குறைவு" என்பதோடு குறிப்பு நின்றுவிட்டால் டொக்டருக்குக் கேள்வி அனுப்புங்கள். "இது டிலேய்ட் யூனியன்தானே?" என்று கேட்டால் பதிலை நீங்களே வாயில் வைத்ததாகிவிடும். "முறிவு பொருந்தும் நிலையைக் குறிப்பிடவும்" என்று கேட்டால் போதும்.

படி 3: கூட வருபவை. டொக்டர் புகைப்பழக்கத்தை எழுதி அறிவுரையும் சொல்லியிருக்கிறார்; சிகரெட் என்பதால் எஃப்17.210 சேரும். பனியில் விழுந்ததற்கு டபிள்யூ00.0எக்ஸ்எக்ஸ்டி. நடுவிலுள்ள இரண்டு எக்ஸும் ஏழாவது இடத்தை எட்டுவதற்கான இடநிரப்பிகள். முறிவுக்கு ஜி போட்டோமே, இதற்கும் ஜி போடலாமா என்று வகுப்பில் யாராவது கேட்பார்கள். போடக் கூடாது, வெளிக்காரணக் கோட்டுக்கு ஏ, டி, எஸ் (பின்விளைவு) மூன்றுதான்; இது குணமாகும் கட்டம் என்பதால் டி. எங்கே விழுந்தார், என்ன செய்துகொண்டிருந்தார் என்பவை முதல் வருகையோடு முடிந்த கதை.

இசட்47 போன்ற பின்பராமரிப்புக் கோட்களைத் தொடாதீர்கள். மீள்வருகை என்றதும் கை அங்கேதான் போகும். விபத்தில் ஏற்பட்ட முறிவுக்கு, முறிவுக் கோட்டும் ஏழாவது எழுத்துமே பின்பராமரிப்பையும் சொல்லிவிடுகின்றன.

படி 4: வருகைக்கான கோட். இது ஐசிடி அல்ல, சிபிடி என்ற அமெரிக்கச் சேவைக் கோட் பட்டியல். முறிவுச் சிகிச்சைக்கு அமெரிக்காவில் 90 நாள் பொதிக் கட்டணம் (சிகிச்சையும் அதன் பின்னான வழக்கமான வருகைகளும் சேர்ந்த ஒரே கட்டணம்) உண்டு. அதே டொக்டரிடம் அந்த 90 நாளுக்குள் வழக்கமான மீள்வருகை என்றால் 99024. பணம் வராது, பதிவுக்கு மட்டும். நம் ஆள் நாலு மாதம் கழித்து வந்திருப்பதால் பொதி முடிந்துவிட்டது. ஆகவே பழைய நோயாளிக்கான 99212 முதல் 99215 வரையிலான வரிசையில் ஒன்று. 2021 முதல் அதன் மட்டத்தைத் தீர்மானிப்பது டொக்டர் எடுத்த மருத்துவ முடிவின் சிக்கல், அல்லது அன்று செலவிட்ட நேரம். இரண்டு கோண எக்ஸ்ரேயைக் கிளினிக்கிலேயே எடுத்திருந்தால் 73590 தனியாக வரும். எக்ஸ்ரே பொதிக்குள் அடங்காது.

வயதானவர் வாசற்படியில் இலேசாகத் தடுக்கி விழுந்து முறிந்தது, ஒஸ்டியோபொரோசிஸ் (எலும்பு நலிவு) இருக்கிறது என்று இருந்தால் எஸ் அத்தியாயத்தை விட்டுவிட்டு எம்80க்குப் போங்கள். அங்கேயும் தாமதத்துக்கு ஜி தான், ஆனால் திறந்தது மூடியது என்ற பிரிவு இல்லை.

பழகிப் பார்க்க ஒரு கேள்வி. நம் பக்கம் முறிவு நெரிவு வைத்தியரிடம் எண்ணெய்க் கட்டுப் போட்டுக்கொண்டு மாதக்கணக்கில் இருப்பவர்கள் உண்டு. அதுபோல ஒருவர் மூடிய முறிவோடு வீட்டிலேயே இருந்துவிட்டு, மூன்று மாதம் கழித்து முதல் தடவையாக டொக்டரிடம் போகிறார். டொக்டர் சிகிச்சையைத் தொடங்குகிறார். ஏழாவது எழுத்து என்ன? ஜி அல்ல, ஏ. சிகிச்சை தேடிப் பிந்தி வந்தவருக்கும் முதற்கட்ட எழுத்தைத்தான் போட வேண்டும் என்று வழிகாட்டி விதி சொல்கிறது.