"கண்டிப்பா உண்டு அண்ணே" என்று சொல்லாதீர்கள்: நடிகர் தேர்வில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மலேசியாவில், எங்கள் ஊரான சுங்கை சிப்புட்டில் தொலைக்காட்சி நாடகத்துக்கு ஆள் தேடுகிறார்கள் என்று தெரிந்தால் போதும். மறுநாள் காலை பசாரில் மீன் வாங்கப் போனாலும் நாலு பேர் நிறுத்தி, "தம்பி, நம்ம பையனைக் கொஞ்சம் பாருங்க" என்பார்கள். எஸ்டேட் டவுனில் காஸ்டிங் டைரக்டராக இருப்பவருக்கு முதல் சோதனையே இதுதான். நான் அதில் தோற்றவன். கோயில் குழுவிலிருந்த ஓர் அண்ணனிடம், "கண்டிப்பா உண்டு அண்ணே" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். இயக்குநர் வேறொரு பையனைத் தேர்ந்தெடுத்தார். அந்த வருஷத் திருவிழா முழுக்க அண்ணன் என் பக்கம் திரும்பவே இல்லை.

தவறு என்னுடையது. கடைசி முடிவு நம் கையில் இல்லை. கதையைப் படித்து, ஒவ்வொரு வேடத்துக்கும் பொருந்தும் மூன்று நான்கு பேரை முன்வைப்பதும், சம்பளம், தேதி பேசுவதும் நம் வேலை. முடிவெடுப்பவர்கள் இயக்குநரும் தயாரிப்பாளரும். ஆகவே, "பார்த்துவிட்டுச் சொல்கிறோம்" என்பதற்கு மேல் ஒரு சொல்லும் கூடாது. சொன்னபடி, கிடைக்காதவருக்கும் மறக்காமல் தகவல் அனுப்ப வேண்டும். இந்த வேலையில் என்ன இருக்கிறது என்று பலருக்குத் தெரியாததில் வியப்பில்லை. ஆஸ்கரிலேயே இதற்கென்று தனி விருது 2025இல் வெளியான படங்களிலிருந்துதான் தொடங்கியது.

அடுத்த தவறு, கதையைப் படிக்கும் முன்பே முகத்தைத் தேடுவது. எங்கள் வட்டாரத்தில் 1948 ஜூன் 16 அன்று மூன்று ஐரோப்பியத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதையடுத்துத்தான் மலாயாவில் அவசரகாலம் வந்தது. அந்தக் காலத்துக் கதை ஒன்றுக்கு, ரப்பர் மரத்தில் பால் வெட்டும் தொழிலாளி வேடம் என்று வைத்துக்கொள்வோம். ஜிம்முக்குப் போய் உடம்பேற்றிய பையன் புகைப்படத்தில் அழகாகத்தான் இருப்பான். ஆனால் கத்தியைப் பிடித்து, உள்மரத்தில் காயம் படாமல் பட்டையை மெல்லியதாகச் சீவச் சொன்னால் கை காட்டிக்கொடுத்துவிடும். பேச்சும் அப்படித்தான்: சென்னைத் தமிழில் வசனம் பேசும் தோட்டத்து ஆளை இங்கே எந்தப் பாட்டியும் நம்ப மாட்டார். ரப்பர் போய்ச் செம்பனை வந்துவிட்டதால், இளையவர்களில் பால் வெட்டத் தெரிந்தவர்கள் குறைவு. அதனால் தோட்டத்தில் வேலை செய்த அறுபது வயது அக்கா ஒருவரை முன்கூட்டியே கண்டுபிடித்து வையுங்கள். நடிகருக்குக் கற்றுக்கொடுப்பார். சில நேரம், வேடமே அவருக்குப் பொருந்திவிடும்!

தேர்வு அறையில் நான் அதிகம் பார்ப்பது, ஒரே தடவை நடிக்கவிட்டு "சரி, போங்க" என்று அனுப்புவது. முதல் தடவை எல்லாருக்கும் பயம். இரண்டாம் தடவை வேறு குறிப்பு கொடுங்கள்: "இதே வசனத்தைக் கோபமில்லாமல், களைத்துப்போன ஆளாகச் சொல்லுங்கள்." சொன்னதை வாங்கி மாற்றத் தெரிகிறதா என்பதுதான் இயக்குநருக்குத் தேவை. எதிர் வசனம் படிப்பவர் செய்தி வாசிப்பதுபோல் படித்தால், நல்ல நடிகரும் சொதப்புவார். அதற்கும் ஒரு நல்ல ஆளைப் பிடியுங்கள்.

பதிவுக் கட்டணம் என்று ஒரு வெள்ளிகூட வாங்காதீர்கள். நடிக்க வருகிறவரிடம் காசு கேட்பது ஏமாற்று வேலை. நமக்குச் சம்பளம் தருவது தயாரிப்பு நிறுவனம்.

சிறுவர்கள் விஷயத்தில் 1966ஆம் ஆண்டின் சிறார், இளையோர் வேலைச் சட்டம் இருக்கிறது. பொதுக் கேளிக்கை நிகழ்ச்சியில் சிறுவரை வேலைக்கு வைக்க உரிமம் வேண்டும். அம்மா அப்பா சம்மதித்துவிட்டார்கள், போதும் என்று படப்பிடிப்புக்கு அழைத்துப் போகிறவர்கள் உண்டு. போதாது. தேதி முடிவாகும் முன்பே தயாரிப்பாளரிடம் இதைக் கேட்டுவிடுங்கள்.

அப்புறம், தேர்வாகாத ஆட்களின் நடிப்புப் பதிவுகளை அழித்துவிடாதீர்கள். மகன் வேடத்துக்கு உயரம் அதிகம் என்று விட்ட பையன், அடுத்த கதையில் லாரி ஓட்டுநராக வருவான். பெயர், வயது, உயரம், என்ன மொழி பேசுவார், பைக் ஓட்டத் தெரியுமா என்று பதிவுக்குப் பக்கத்திலேயே எழுதி வையுங்கள்.