விசர்நாய் கடித்தால்: கிணற்றடி முதல் கடைசி ஊசி வரை

வன்னியில் நாய் மட்டுமல்ல. வயற்கரை நரி, வளவுக்குள் வரும் மரநாய், கீரி, விசர் பிடித்த மாடு என எது கடித்தாலும் முதல் வேலை ஒன்றுதான்: ஓடும் தண்ணீரில், சவர்க்காரம் நுரைக்க நுரைக்க, முழுதாக 15 நிமிடம் கழுவுங்கள். குழாய்க்கிணறு என்றால் ஒருவர் அடிக்க மற்றவர் கழுவலாம். பல் இறங்கிய துளைக்குள்ளும் தண்ணீர் போகவேண்டும்.

விசர்நோய் வைரசுக்குக் கொழுப்பாலான வெளியுறை உண்டு. அதன்மேல் முட்கள்போல் நிற்கும் புரதத்தால்தான் அது நரம்பு முனையில் ஒட்டுகிறது. சவர்க்காரம் அந்த உறையைக் கரைக்கும். மஞ்சள், சுண்ணாம்பு, மிளகாய்த்தூள், மண்ணெண்ணெய் எதையும் பூசவேண்டாம். அவை சதையைப் புண்ணாக்கி வைரசுக்கு வழிவிடும். காயத்தை உடனே தைக்கவும் விடாதீர்கள்.

அந்த முள்ளுப் புரதம்தான் இங்கே முக்கியமான பிறபொருளெதிரியாக்கி, அதாவது அன்டிஜன். உடல் அதை அடையாளம் காணக்கூடியது. ஆனால் காணக் கிடைப்பதில்லை. கடித்த இடத்தில் இறங்கும் வைரஸ் கொஞ்சம்தான். அது நரம்புக்குள் நுழைந்துவிட்டால் நோயை எதிர்க்கும் நிர்ப்பீடனக் கலங்களின் பார்வையில் படாமலே மூளையை நோக்கி ஏறும். குணங்குறி தெரிந்தபின் காப்பாற்றுவது அநேகமாக முடியாது. ஆகவே அன்றைக்கே வைத்தியசாலைக்குப் போங்கள். விசக்கல் வைப்பதிலும் பார்வை பார்ப்பதிலும் கழிகிற ஒவ்வொரு நாளும் வைரசுக்கே இலாபம்.

தடுப்பூசியில் இருப்பது செத்த வைரஸ். நோய் தராது, ஆனால் அதே முட்கள் அதன்மேல் உண்டு. தோலுக்குள் போடும் முறையில் ஓரிடத்துக்கு 0.1 மில்லிலீற்றர்தான். இவ்வளவு சிறிய அளவு போதுவதற்குக் காரணம், தோலில் நெருக்கமாக இருக்கும் டென்ட்ரிற்றிக் கலங்கள். அவை வைரசை விழுங்கி, புரதத்தைத் துண்டாக்கி, துண்டுகளைத் தம் மேற்பரப்பில் ஏந்தியபடி அக்குளிலுள்ள நிணநீர்க்கணுவுக்குப் போய் எதிர்ப்பை ஊக்கும் நிர்ப்பீடனக் கலங்களான உதவி ரி கலங்களுக்குக் காட்டும். பி கலங்களோ முள்ளின் வடிவத்தை நேரடியாகவே பிடிக்கும். இரண்டும் ஒத்துக்கொண்டால்தான் பி கலம் பெருகி, வைரசில் ஒட்டி அதை முடக்கும் புரதமான பிறபொருளெதிரியை (அன்டிபொடி) சரியாகச் சுரக்கும்.

ஊசி சரியாகப் போட்டால் அந்த இடத்தில் தோடம்பழத் தோல்போல் புள்ளிபுள்ளியாக ஒரு சிறு தடிப்பு எழும். எழாவிட்டால் மருந்து கொழுப்புக்குள் இறங்கிவிட்டது. பக்கத்தில் திரும்பப் போடவேண்டும். தயங்காமல் தாதியிடம் சொல்லுங்கள். பிறகு சிவப்பதும் அரிப்பதும் வழமை, தேய்க்கவேண்டாம். குண்டியில் போடுவதில்லை, அங்கும் கொழுப்புத்தான் தடை.

ஊசிக்குப்பின் கலங்களின் வேலை முடிந்து போதிய பிறபொருளெதிரி வர 7 முதல் 14 நாள் ஆகும். இரத்தம் வந்த கடி, கண்ணிலோ வாயிலோ பட்ட உமிழ்நீர், புண்ணை நக்கியது போன்றவற்றுக்கு அந்த இடைவெளி ஆபத்து. அதற்குத்தான் வேறோர் உடலில் உருவான பிறபொருளெதிரியை, இமியூனோகுளோபியூலினை (சீரம் என்பதும் இதுவே), காயத்துக்குள்ளும் சுற்றியும் ஏற்றுகிறார்கள். மனிதச் சீரம் என்றால் உடல் நிறையின் கிலோவுக்கு 20 அலகு, குதிரைச் சீரம் என்றால் 40. கூட்டிப் போட்டாலோ தடுப்பூசி போட்ட இடத்திலேயே போட்டாலோ அது தடுப்பூசியின் அன்டிஜனையே மூடிவிடும், உங்கள் பி கலங்களுக்குக் காட்ட ஒன்றும் மிஞ்சாது. முதல் ஊசி போட்டு 7 நாள் கடந்தபின் அதைக் கொடுப்பதில்லை, அதற்குள் உடலே பிறபொருளெதிரியைச் சுரக்கத் தொடங்கியிருக்கும். குதிரைச் சீரம் பிற புரதம் என்பதால் ஒவ்வாமை வரலாம். போட்டபின் வைத்தியசாலையிலேயே இருங்கள்.

0 (முதல் ஊசி போட்ட நாள்), 3, 7ஆம் நாள்களும் அதன்பின் அட்டையில் எழுதிய திகதியும் தவறக்கூடாது. அடுத்தடுத்த ஊசிதான் ஞாபகக் கலங்களை உறுதியாக்கும். அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்: பின்னொருநாள் மறுபடி கடித்தால் அந்தக் கலங்கள் சில நாளிலேயே எழும்பும், சீரம் தேவைப்படாது, ஊசியும் குறையும். ஸ்ரீரொயிட் குளிசை எடுப்பவர்கள் முதலிலேயே வைத்தியரிடம் சொல்லவேண்டும், எதிர்வினை மந்தமாகலாம். கர்ப்பிணிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் தடையில்லை.

நாயை அடித்துக் கொல்லாதீர்கள். கட்டிவைத்து 14 நாள் பாருங்கள். செத்தால் வெறுங்கையால் தொடாமல் பொதுச் சுகாதாரப் பரிசோதகருக்கோ மிருக வைத்தியருக்கோ அறிவியுங்கள். தலையை ஐஸில் வைத்துக் கொழும்பு மருத்துவ ஆராய்ச்சி நிலையத்துக்கு அனுப்பலாம். ஒளிரும் சாயம் ஏற்றிய பிறபொருளெதிரியை மூளைத் துண்டில் இடுவார்கள். வைரசின் புரதம் இருந்தால் அது ஒட்டி, நுணுக்குக்காட்டியில் பச்சையாக ஒளிரும். வெயிலில் கிடந்து அழுகினால் புரதமும் சிதையும், சோதனையை நம்பமுடியாது. முடிவு வரும்வரை ஊசித் திகதியைத் தள்ளிப்போடவேண்டாம்.