மெட்டு கிடைத்துவிட்டது, அப்புறம்? தவிர்க்க வேண்டிய தவறுகள்

கோபிசெட்டிபாளையத்தில் சனி, ஞாயிறு கீபோர்டு சொல்லிக்கொடுக்கிறேன். வருகிற பிள்ளைகளில் பாதிப் பேர் இப்போது லேப்டாப்பில் சொந்தமாக ட்ராக் போட்டு எடுத்து வருகிறார்கள். கல்லூரிக் குறும்படத்துக்கு, ஊர்ப் பண்டிகை வீடியோவுக்கு, சும்மா ரீல்ஸுக்கு. மெட்டு நன்றாகவே இருக்கும், முதல் பத்து நொடிக்கு. அதற்கப்புறம்தான் சங்கடம்.

போன மாதம் கவுந்தப்பாடியிலிருந்து வரும் ஒரு தம்பி மூன்று நிமிட ட்ராக் ஒன்றைப் போட்டுக் காட்டினான். மோகன ராகத்தில் எட்டே எண்ணிக்கை: ஸ ரி க , ப , க ரி. (காற்புள்ளி வந்தால் முந்தின சுரம் இன்னொரு எண்ணிக்கை நீள்கிறது.) முதலில் புல்லாங்குழல். அப்புறம் அதுவே வயலினில். அப்புறம் அதுவே, கூடத் தபேலா. கடைசியில் அதுவே, எல்லா வாத்தியமும் சேர்ந்து. "எப்படிங் சார் இருக்குது?" என்றான். பவானி ஜமுக்காளம் மாதிரி இருக்குது தம்பி என்றேன். பட்டை பட்டையாக நிறம் மாறுகிறது, நெசவு மாறவில்லை. ஜமுக்காளத்துக்கு அதுதான் அழகு. மூன்று நிமிடம் உட்கார்ந்து கேட்பவனுக்குப் போதாது.

காப்பி பேஸ்ட் செய்து வாத்தியத்தை மட்டும் கூட்டுவது, நான் பார்க்கும் தவறுகளில் முதலாவது. இதற்குப் பிரெஞ்சு இசையமைப்பாளர் ராவெலின் 'பொலேரோ'வைச் சாட்சிக்கு இழுப்பவர்கள் உண்டு. 1928-இல் வந்த அந்தப் படைப்பில் மெட்டு கிட்டத்தட்ட மாறாமல்தான் சுற்றிச் சுற்றி வருகிறது, வாத்தியங்கள்தான் கூடுகின்றன. உண்மைதான். ஆனால் அவர் எடுத்துக்கொண்ட மெட்டு நீளமானது, வளைந்து நெளிந்து போவது. அதுபோக, முடியும் தறுவாயில் சுருதியையே சட்டென்று வேறிடத்துக்குத் தூக்கிவிட்டுத் திரும்புகிறார். எட்டு எண்ணிக்கை மெட்டு அந்தப் பாரத்தைத் தாங்காது.

அடுத்த தவறு கொஞ்சம் ஆழமானது: கையில் இருப்பது என்ன என்று பிரித்துப் பார்க்காமலே அதை வளர்க்கக் கிளம்புவது. தம்பியின் மெட்டையே எடுத்துக்கொள்வோம். அதன் உயிர் முதல் நான்கு எண்ணிக்கையில் இருக்கிறது: ஸ ரி க , . இரண்டு குறில், ஒரு நெடில், படிப்படியாக ஏற்றம். இதை ஒரு படி தூக்கினால் ரி க ப , . இன்னொரு படி தூக்கினால் க ப த , . அப்புறம் நெடிலை வெட்டி ப த, ப த என்று இரண்டிரண்டாகச் சுருக்கினால் கேட்பவனுக்கு மூச்சு முட்டும். மேல் ஸட்ஜத்தில் போய் நின்றால் அப்பாடா என்றிருக்கும். கவிழ்த்துப் போட்டால் ஸ த ப , . எண்ணிக்கையை இரட்டித்தால் ஸ , ரி , க , , , என்று அதுவே தாலாட்டு நடைக்கு வந்துவிடும். புதிதாக ஒரு சுரமும் கண்டுபிடிக்கவில்லை, ஒரு நிமிடத்துக்குச் சரக்கு கிடைத்துவிட்டது.

பேத்தோவன் ஐந்தாம் சிம்பொனியில் செய்தது இதுதான். 1808-இல் வியன்னாவில் அரங்கேறியது. தொடக்கம் மூன்று குறில், ஒரு நெடில், அவ்வளவுதான். முதல் மூன்றும் ஒரே சுரம், நான்காவது இறங்குகிறது. சற்று நேரத்தில் ஹார்ன் அதே குறில் நெடிலில் ஆரம்பித்துச் சுரங்களை அகலத் தாவுகிறது. வயலினில் மென்மையான இரண்டாவது மெட்டு வந்தால், அடியில் செல்லோவும் பேஸும் பழைய குறில் நெடிலை முணுமுணுக்கின்றன. நடுவில் அந்த ஹார்ன் மெட்டு இரண்டு சுரமாகத் தேய்ந்து, பிறகு ஒற்றைக் கார்டாகி (பல சுரங்கள் ஒன்றாக ஒலிப்பது), ஊதும் கருவிகளுக்கும் தந்திக் கருவிகளுக்கும் இடையே போய்ப் போய் வருகிறது. மூன்றாம் பகுதியில் ஹார்ன் பெரும்பாலும் ஒரே சுரத்தில் நின்று அதே நடையை இடிக்கிறது. சுரம் என்ன ஆனாலும் தாளக்கட்டு ஆளைக் காட்டிக்கொடுத்துவிடுகிறது.

இதை நேர் எதிராகவும் செய்யலாம். பிரெஞ்சு இசையமைப்பாளர் பெர்லியோஸின் 1830 'சிம்பொனி ஃபான்டாஸ்டிக்'கில் காதலிக்கென்று ஒரு மெட்டு உண்டு. கடைசிப் பகுதியில், சூனியக்காரிகள் கூத்தில், அது சின்னக் கிளாரினெட்டில் துள்ளிக்கொண்டு, பழித்துக் காட்டுகிற மாதிரி வருகிறது. நடை போய்விட்டது, மரியாதையும் போய்விட்டது. மெட்டின் வளைவு மட்டும் தங்கியிருக்கிறது. அதனால்தான் அவள்தான் என்று தெரிகிறது, தெரிவதால்தான் சுருக்கென்று குத்துகிறது.

ஆகவே நடையையும் சுரத்தையும் வேகத்தையும் ஒரே நேரத்தில் மாற்றிவிட்டு "இது அந்த மெட்டோட வளர்ச்சிங் சார்" என்றால் ஒத்துக்கொள்ள மாட்டேன். அது வேறு மெட்டு. நம் கச்சேரியிலேயே பாருங்கள், ஒரே வரியை விதவிதமாக விரித்துப் பாடும் நிரவலில் பாடகர் எவ்வளவு தூரம் போனாலும் சாகித்தியம், அதாவது பாட்டின் சொற்கள், தாளத்தில் தன் இடத்தில்தான் விழ வேண்டும். பல்லவியைக் கீழ்க்காலம் மேல்காலம் என்று எந்த வேகத்தில் எடுத்தாலும் அதன் உருவம் குலையக் கூடாது. ஒரே வரியைச் சின்னச் சின்ன மாற்றத்தோடு திரும்பப் பாடும் சங்கதியும் அப்படித்தான். வரியில் ஒரு மூலையைத் தொட்டால் மிச்சம் அப்படியே நிற்கும்.

கீபோர்டில் சுருதியை ஏற்றி இறக்கும் ட்ரான்ஸ்போஸ் பட்டனை அமுக்கிவிட்டு மெட்டு மாறிவிட்டது என்று நினைப்பது இன்னொரு ஏமாற்று. ஆளை மாடிக்கு ஏற்றிவிட்டீர்கள், ஆள் அதே ஆள்தான். மாற்றம் வேண்டுமானால் மோகனத்தின் அந்தர காந்தாரத்தை (அதன் 'க') மட்டும் ஒரு கட்டை இறக்கிச் சாதாரண காந்தாரமாக்கிப் பாருங்கள். ஒரே ஒரு சுரம். சிவரஞ்சனி ராகம் வந்து உட்கார்ந்துவிடும், சிரித்த மெட்டு அழும். அல்லது அதே ஐந்து கட்டைகளை வைத்துக்கொண்டு ரிஷபத்தை ஸட்ஜமாக நினைத்து வாசியுங்கள், மத்தியமாவதி. காந்தாரத்திலிருந்து எடுத்தால் இந்தோளம். ஒரு சாயங்காலம் போவதே தெரியாது.

சலிப்புத் தட்டினால் உடனே புது மெட்டுக்குத் தாவுவதும் உண்டு. ஒறம்பரை (விருந்தாளிகள்) வந்த வீட்டில் எல்லோரையும் ஒரே நேரத்தில் பேச விட்ட கதைதான் அது.

எல்லா இடத்திலும் வளர்த்தே தீர வேண்டும் என்றும் இல்லை. எங்கள் கொங்குப் பக்கத்து வள்ளி கும்மி ஆட்டத்தில் நூறு பேர் ஒரே நிறச் சேலையில் அடி வைக்கும்போது மெட்டை மாற்றிப் போட்டால் காலெல்லாம் தடுமாறும். அங்கே வேகம் கூடுவதே போதும்.

தம்பி இரண்டு வாரம் கழித்துத் திரும்ப வந்தான். ட்ராக் இரண்டு நிமிடமாகச் சுருங்கியிருந்தது. நடுவில் எல்லாவற்றையும் நிறுத்திவிட்டு, உடுக்கையில் மட்டும் இரண்டு குறில், ஒரு நெடில் அடிக்க விட்டிருக்கிறான். சுரமே இல்லை, ஆனாலும் மெட்டு காதில் ஓடுகிறது. முடிவில் அந்த ஸ்ட்ரிங்ஸ் (தந்தி வாத்தியங்களின் ஒலி) மட்டும் பழையபடியே உப்பிக்கொண்டு நிற்கிறது. அதை அடுத்த சனிக்கிழமை பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டிருக்கிறேன்.